காணும் ஆசையும் காணும் கண்ணும்

வன உலா சென்று திரும்பும் ஒருவரிடம் மற்றவர்கள் கேட்கும் முதற்கேள்வி பெரும்பாலும் ஒன்றாகவே இருக்கிறது: ‘புலியைப் பார்த்தீர்களா?’ ‘ஆம்’ என்றால் கேட்டவர்களின் முகம் மலர்கிறது. ‘இல்லை’ என்றாலோ, பணம் கொடுத்தும் பொருள் கைக்கு வராதவரிடம் காட்டும் இரக்கம் அவரிடம் காட்டப்படுகிறது. விடியலுக்கு முன் எழுந்து, குளிரில் நடுங்கி, நாள் முழுவதும் காட்டில் கழித்தவரும், ‘ஒன்றும் பார்க்கவில்லை’ என்று சொல்லிச் சோர்ந்து அமர்கிறார்.

‘ஒன்றும் பார்க்கவில்லை’ என்ற இந்தச் சொற்கள் சிந்திக்கத் தக்கவை. கண்கள் திறந்திருந்தன, பகல் வெளிச்சமும் குறைவின்றி இருந்தது. அப்படியிருக்க, ஒரு முழுநாளை ‘ஒன்றுமில்லை’ என்று ஆக்கியது எது? இந்தக் கேள்வியின் அடியில் இன்னொரு கேள்வியும் இருக்கிறது. கட்டணம் செலுத்தியவருக்கு, மற்றோர் உயிரைக் காணும் உரிமை வந்துவிடுகிறதா?

சீட்டு எதற்கு?

மத்தியப் பிரதேசத்தில் மண்டலா, பாலாகாட் மாவட்டங்களில் பரவியுள்ள கானா தேசியப் பூங்காவை உதாரணமாகக் கொள்ளலாம். 1955இல் தேசியப் பூங்காவான இதன் பரப்பு 940 சதுர கிலோமீட்டர். 1973ஆம் ஆண்டு புலிகள் பாதுகாப்புத் திட்டம் தொடங்கியபோது முதலில் தேர்ந்தெடுக்கப்பட்ட 9 காப்பகங்களுள் இதுவும் ஒன்று. ஓங்கிய சால மரக் காடுகளும் அகன்ற புல்வெளிகளும் மாறிமாறி வரும் நிலம் இது.

அதிகாலையில் வாயில் திறக்கிறது. திறந்த ஜீப்பில் பார்வையாளர்களுடன் ஓர் ஓட்டுநரும் வழிகாட்டி ஒருவரும் செல்கிறார்கள். காலையில் ஒரு சுற்று, மாலையில் ஒரு சுற்று என்பது பொது முறை. நடுப்பகலில் வண்டிகள் வெளியேறிவிட, காட்டுக்குச் சில மணி நேர ஓய்வு கிடைக்கிறது. சில காப்பகங்களில், பல மடங்கு கூடுதல் கட்டணம் செலுத்துவோர் முழுநாளும் உள்ளேயே இருக்க அனுமதிக்கப்பட்டு வந்துள்ளனர்.

ஆனால் எவ்வளவு கட்டணம் செலுத்தினாலும் அந்தச் சீட்டு உறுதியளிப்பது நுழைவை மட்டுமே. புலியைக் காட்டுவதாக எந்த வனத்துறையும் எழுதிக் கொடுப்பதில்லை. கோயிலில் சிறப்புக் கட்டணம் செலுத்தி விரைந்து செல்பவர் வரிசையில் ஓர் இடத்தைத்தான் வாங்குகிறார். அருளை எவரும் விலைக்கு வாங்கிவிட முடியாது. இது எல்லோருக்கும் தெரிந்ததே. இருப்பினும் கட்டணம் உயர உயர, ‘எனக்கு வரவேண்டியது’ என்ற எண்ணமும் உள்ளத்தில் உயர்ந்துகொண்டே போகிறது. வேண்டுதல் கோரிக்கையாகிறது; கோரிக்கை நிறைவேறாதபோது குறைகூறலாகிறது.

அம்பு பிழைக்கவில்லை

கானாக் காட்டினுள் ‘சிரவண தால்’ என்றொரு குளம் இருக்கிறது. அதனருகே தசரதரின் பரண் என்று ஓரிடத்தையும், சிரவணனின் சிதை என்று மற்றோரிடத்தையும் காட்டுகிறார்கள். பார்வையற்ற பெற்றோருக்கு நீர் எடுக்க வந்த சிரவணன்மீது தசரதர் அம்பு எய்த இடம் இதுதான் என்பது அப்பகுதி மக்களின் நம்பிக்கை. வால்மீகி இந்நிகழ்ச்சியைச் சரயு நதிக்கரையில் வைக்கிறார். இடம் எதுவாயினும் கதை உணர்த்தும் உண்மை ஒன்றே.

தசரதர் அப்போது இளவரசர். ஓசையைக் கேட்டே குறி தவறாமல் எய்வதில் வல்லவர் என்ற பெருமை அவருக்கு உண்டு. மழைக்கால இரவு ஒன்றில், நீர் அருந்த வரும் விலங்குக்காக அவர் காத்திருந்தார். குடத்தில் நீர் நிறையும் ஓசை கேட்டது. அது யானையின் ஒலியாக அவர் செவியில் விழுந்தது. அம்பு பறந்தது; எழுந்ததோ மனிதக் குரல்.

இங்கே கவனிக்க வேண்டியது ஒன்று. தசரதரின் திறமையில் குறையில்லை. எங்கே எய்தாரோ அங்கேயே அம்பு தைத்தது. அம்பு பிழைக்கவில்லை, அறிவு பிழைத்தது. விலங்கு வரும், வர வேண்டும் என்ற ஆவல் உள்ளத்தை முன்னரே நிறைத்திருந்தது. ஆகவே வந்த ஓசை எதுவாக இருந்தாலும் அது விலங்கின் ஓசையாகவே கேட்கும் நிலை இருந்தது. ஆசை புலன்களை மூடிவிடுவதில்லை. அவற்றைத் திறந்தே வைத்திருந்து, தான் விரும்பியதை மட்டும் உள்ளே விடுகிறது.

வன உலாவிலும் இது நாள்தோறும் நிகழ்கிறது. கானாவின் புல்வெளியில் பாரசிங்கா மான்கள் நிற்கின்றன. ‘வெறும் மான்தானே, வண்டியை எடுங்கள்’ என்று பின்னிருக்கையிலிருந்து குரல் வருகிறது. கடினமான தரையில் வாழப் பழகிய இந்தப் பாரசிங்கா கிளையினம் 1970இல் வெறும் 66ஆகக் குறைந்து, உலகிலேயே கானாவில் மட்டும் எஞ்சியிருந்தது. வேலியிட்ட புல்வெளியில் வைத்துப் பேணி, புல்நிலங்களைச் சீர்ப்படுத்தி, பல்லாண்டுக் கால உழைப்பால் அது மீட்கப்பட்டது. பின்னர் சாத்புரா, பாந்தவ்கர் காடுகளிலும் அது குடியேற்றப்பட்டது. புலியைப் பல மாநிலங்களில் காணலாம். இந்த மான் நின்றுகொண்டிருப்பதே ஓர் அரிய காட்சி. புலியைத் தேடும் கண்ணுக்கு அது ‘ஒன்றுமில்லை’ ஆகிவிடுகிறது.

கருவி மாறியது, நோக்கு மாறியதா?

ஒரு காலத்தில் புலியைத் தேடிச் சென்றவர்கள் துப்பாக்கியுடன் சென்றார்கள். எத்தனை புலிகளைச் சுட்டார் என்பதே ஒருவரது பெருமைக்கு அளவாக இருந்தது. ஆங்கிலேயர் ஆட்சியில் வனத்துறை அதிகாரியாக இருந்த எஃப். டபிள்யூ. சாம்பியன், துப்பாக்கியை விட்டு ஒளிப்படக் கருவியை ஏந்தினார். விலங்கு நடந்து வரும் பாதையில் கம்பி கட்டி, அது இடறும்போது தானே படம் எடுக்குமாறு கருவியை அமைத்தார். அப்படங்கள் அடங்கிய அவரது நூல் 1927இல் வெளிவந்தது. வேட்டையில் பெயர் பெற்ற ஜிம் கார்பெட்டும் அவரால் ஈர்க்கப்பட்டு ஒளிப்படக் கருவியின் பக்கம் திரும்பினார். 1972ஆம் ஆண்டின் வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டம் அந்த மாற்றத்தை நாடு முழுவதற்கும் உரிய நெறியாக்கியது.

இது பெரிய முன்னேற்றம் என்பதில் ஐயமில்லை. ஆயினும் கருவி மாறிய அளவுக்கு நோக்கும் மாறியதா என்று கேட்டுப் பார்க்க வேண்டியிருக்கிறது. அன்று சுவரில் தோல் தொங்கியது. இன்று கைப்பேசியில் படம் மின்னுகிறது. எண்ணிக்கையும் போட்டியும் மற்றவர்முன் காட்டிக்கொள்ளும் விருப்பமும் தொடரவே செய்கின்றன. ‘என்னுடையது’ என்ற உணர்வு உயிரைப் பறிக்காமலே ஓர் உயிரைப் பொருளாக்கிவிட முடியும்.

2024 டிசம்பர் 31 அன்று, மகாராஷ்டிரத்தின் உம்ரேட்-பவுனி-கர்ஹண்ட்லா சரணாலயத்தில் ஒரு பெண்புலியும் அதன் ஐந்து குட்டிகளும் நடந்து வந்த பாதையைச் சுற்றுலா வண்டிகள் இரு புறமும் அடைத்துக்கொண்டு நின்றன. அந்தக் காட்சி நாடெங்கும் பரவியது. மும்பை உயர் நீதிமன்றத்தின் நாக்பூர் அமர்வு தானாகவே முன்வந்து இதை விசாரணைக்கு எடுத்துக்கொண்டது. ஓட்டுநர்களும் வழிகாட்டிகளும் பணியிலிருந்து தற்காலிகமாக நீக்கப்பட்டனர்.

விதியை மீறியவர் தண்டனை பெறுவது முறையே. ஆனால் அறநோக்கில் பார்த்தால் விசாரணை அங்கே முடிந்துவிடுவதில்லை. காப்பகங்களில் பணிபுரியும் வழிகாட்டிகள் பெரும்பாலும் சுற்றியுள்ள சிற்றூர்களைச் சேர்ந்தவர்கள். புலி தென்பட்டால் அன்பளிப்பு பெருகும். தென்படாவிட்டால் முணுமுணுப்பே மிஞ்சும். ‘இன்னும் கொஞ்சம் கிட்டே போகலாமே’ என்ற குரல் எங்கிருந்து வருகிறது என்பதை அவர்கள் அறிவார்கள். அந்தக் குரலுக்கு இணங்கியவர் தண்டிக்கப்படுகிறார். குரல் கொடுத்தவர் படத்துடன் வீடு திரும்புகிறார். பிறர் கையால் செய்விக்கப்பட்ட செயலுக்கும் செய்வித்தவருக்கும் தொடர்பில்லை என்று எந்த அறநூலும் சொல்லவில்லை.

செருமானிய மெய்யியலாளர் காண்ட், மனிதரை வெறும் கருவியாக மட்டும் நடத்தலாகாது என்றார். விலங்குகளுக்கு அவர் அந்த நிலையை வழங்கவில்லை. எனினும் விலங்குகளிடம் கொடுமை பழகியவன் மனிதரிடமும் இரக்கமற்றவனாவான் என்று எச்சரித்தார். அந்தப் பெண்புலியை நோக்கினால் அதற்கும் ஒருபடி மேலே செல்லத் தோன்றுகிறது. குட்டிகளை அழைத்துக்கொண்டு பாதையைக் கடக்க வேண்டும் என்று அதற்கென்று ஒரு நோக்கம் இருந்தது. மனிதரின் நோக்கம் அதன் குறுக்கே நின்றது. எதிரே இருக்கும் உயிருக்கும் ஒரு காரியம் இருக்கிறது என்பதை மறப்பதுதான் கொடுமையின் தொடக்கம்.

ஓர் எதிர்வாதம்

‘பார்க்க வருபவர்கள் இல்லாவிட்டால் காட்டைக் காப்பது யார்? மக்களுக்குப் புலியிடம் ஆர்வம் உண்டாவதே பார்ப்பதனால்தானே?’ என்று கேட்கலாம். இது நியாயமான கேள்வி. 2006ஆம் ஆண்டின் கணக்கெடுப்பில் 1,411 என்று மதிப்பிடப்பட்ட இந்தியப் புலிகளின் எண்ணிக்கை, 2022ஆம் ஆண்டின் கணக்கெடுப்பில் சராசரியாக 3,682ஆக உயர்ந்தது. இந்த மீட்சிக்குக் காவலர்களின் உழைப்புடன் மக்களின் ஆதரவும் துணைநின்றது. வன உலா பல ஊர்களுக்கு வாழ்வாதாரம் தருகிறது. காணும் ஆசை தன்னளவில் குற்றமன்று.

எனினும் அந்த ஆசைக்கு ஓர் எல்லை வேண்டும் என்பதை நாடும் உணர்ந்திருக்கிறது. 2012 ஜூலையில் உச்ச நீதிமன்றம் புலிகள் காப்பகங்களின் மையப்பகுதிகளில் சுற்றுலாவை இடைக்காலமாகத் தடை செய்தது. அவ்வாண்டு அக்டோபரில், நெறிமுறைகள் வகுக்கப்பட்டபின் தடை விலக்கப்பட்டது. மையப்பகுதியில் 20 விழுக்காட்டுக்கு மேல் சுற்றுலாவுக்குப் பயன்படுத்தலாகாது என்பது அந்நெறிமுறைகளுள் ஒன்று. அதாவது, ஐந்தில் நான்கு பங்கு காடு பார்வையாளரின் கண் படாமல் இருக்க வேண்டும். அங்கும் புலி பிறக்கிறது, வேட்டையாடுகிறது, குட்டிகளை வளர்க்கிறது, மடிகிறது. காண எவரும் இல்லை என்பதால் அந்த வாழ்வின் மதிப்பு எள்ளளவும் குறைவதில்லை.

இன்னொரு கடனும் இங்கே நினைக்கத் தக்கது. கானாவின் அழகிய புல்வெளிகளுள் சில ஒரு காலத்தில் ஊர்களாக இருந்தவை. 1960களின் இறுதியிலிருந்து பைகா, கோண்டு மக்களின் சிற்றூர்கள் பல காட்டுக்கு வெளியே குடியேற்றப்பட்டன. தலைமுறை தலைமுறையாகப் புலியோடு ஒரே காட்டைப் பகிர்ந்து வாழ்ந்தவர்கள் அவர்கள். அவர்கள் விட்டுக்கொடுத்த நிலத்தில்தான் இன்று ஜீப்புகள் நிற்கின்றன. பிறர் இழப்பால் அமைதி பெற்ற இடத்தில் நுழைபவர், உரிமையாளரைப் போல நடந்துகொள்வது எவ்வாறு பொருந்தும்?

நண்பகலின் பாடம்

முழுநாள் உலாவில் மிகக் கடினமான பகுதி நண்பகல். காலையின் பரபரப்பு அடங்கிவிடுகிறது. வெயில் ஏறுகிறது, விலங்குகள் நிழல் தேடி மறைகின்றன. மணிக்கணக்கில் எதுவும் நிகழ்வதில்லை. வண்டிகள் இல்லாத இந்த வேளை காட்டுக்கே உரியது, அதையும் பணத்தால் வாங்குவது தகுமா என்ற ஐயம் இங்கே எழுவது இயல்பு. அந்த வேளையையும் புலியைத் துரத்தவே பயன்படுத்துபவருக்கு அது தகாது என்பதே விடை. அங்குமிங்கும் ஓடும் வண்டி காட்டின் ஓய்வைத் திருடுகிறது. ஓரிடத்தில் இயந்திரத்தை நிறுத்தி அமைதியாக இருக்கும் வண்டி அந்த ஓய்வில் பங்கு கொள்கிறது.

நல்ல வழிகாட்டி செய்வது இதைத்தான். இயந்திரத்தை அணைக்கச் சொல்லிவிட்டுச் செவிசாய்க்கிறார். மரத்தின் மேல் அனுமன் குரங்குகள் இலைகளையும் கனிகளையும் உண்கின்றன. கீழே சிந்துவதைப் புள்ளிமான்கள் உண்கின்றன. குரங்கு தொலைவிலிருந்து கண்ணால் காண்கிறது. மான் மோப்பத்தாலும் செவியாலும் அறிகிறது. ஒன்றின் எச்சரிக்கைக் குரலால் மற்றொன்றும் உயிர் பிழைக்கிறது. கடமான் குரல் கொடுத்தால் வழிகாட்டியின் முகம் மாறுகிறது. அது எளிதில் பொய்க்காது என்பது அவரது அனுபவம். புலி கண்ணுக்குப் புலப்படாமலே காடு முழுவதும் அதன் வரவு எழுதப்படுகிறது. அந்த எழுத்தைப் படிக்கக் கற்றவர், புலியைக் காணாத நாளிலும் வெறுங்கையோடு திரும்புவதில்லை.

அமெரிக்க விலங்கியல் அறிஞர் ஜார்ஜ் ஷாலர் 1963 முதல் 1965 வரை இதே கானாவில் தங்கி மான்களையும் புலியையும் ஆராய்ந்தார். புலியை மட்டும் தனியே எடுத்து ஆராயாமல், அது உண்ணும் மான்களோடும் அவை மேயும் புல்லோடும் சேர்த்தே அவர் அறிய முற்பட்டார். ஒன்றை உண்மையாக அறிய விரும்புபவர், அது வாழும் முழுமையை அறிய வேண்டும் என்பதற்கு இது நல்ல சான்று.

காணும் ஆசையை அழிக்க வேண்டியதில்லை. அதைப் பண்படுத்தினால் போதும். அதற்கான பயிற்சியும் எளியதே. காலையில் வண்டியில் ஏறும்போதே வழிகாட்டியிடம், ‘புலி வந்தாலும் வராவிட்டாலும் எங்களுக்கு நிறைவே; விதியை மீறி எதையும் காட்ட வேண்டாம்’ என்று சொல்லிவிடலாம். அவருக்குக் கொடுக்க நினைக்கும் அன்பளிப்பைப் புலியின் வரவோடு பிணைக்காமல் முன்னரே முடிவு செய்துகொள்ளலாம். ஓரிடத்தில் வண்டிகள் குவிவதைக் கண்டால், ‘நம் வண்டியைப் பின்னால் எடுங்கள்’ என்று கேட்டுக்கொள்ளலாம். புலி பாதைக்கு வரும்போது, அது கடந்து செல்ல இடம் விட்டு, படம் எடுக்கும் கையைச் சற்றுத் தாழ்த்தலாம்.

இவை சிறிய செயல்கள்தாம். ஆனால் விரும்பிய ஒன்று கைக்கெட்டும் தொலைவில் இருக்கும்போது, அதன் வழியில் அதைப் போகவிடும் மனம் எளிதில் வாய்ப்பதில்லை. காட்டில் ஒருநாள் அதைப் பழகியவர், வீட்டிலும் தம் மக்களையும் உற்றாரையும் சற்று வேறு விதமாக நோக்கத் தொடங்குவார். தம் விருப்பத்திற்காக அவர்கள் தோன்றவில்லை, அவர்களுக்கும் செல்ல ஒரு பாதை உண்டு என்பது அவருக்கு விளங்கும்.