கைத்தடியும் பையும்



இன்று நாம் கேட்ட மாற்கு நற்செய்தியின் 6ஆம் அதிகாரத்தில், இயேசு பன்னிருவரை இருவர் இருவராக ஊர்களுக்கு அனுப்புகிறார். சாப்பாடு வேண்டாம், பை வேண்டாம், இடுப்பில் காசு வேண்டாம், மாற்று அங்கியும் வேண்டாம் என்கிறார். செருப்புக்கும் கைத்தடிக்கும் மட்டும் அனுமதி கொடுக்கிறார். மத்தேயுவிலும் லூக்காவிலும் அந்தத் தடிக்குக்கூட இடமில்லை. மாற்கு அதை விட்டுவைத்திருக்கிறார். மேடும் பள்ளமுமான கலிலேயாவில் நடந்து போகிறவருக்குத் தடி ஆடம்பரப் பொருள் இல்லையே.

தடி சரி, பை ஏன் கூடாது? நடக்கிறவருக்குத் துணையாக இருப்பதோடு தடியின் வேலை முடிந்துவிடுகிறது. பையில் எல்லாம் இருந்துவிட்டாலோ யார் வீட்டுக் கதவையும் தட்ட வேண்டியதில்லை. சீடர்கள் தட்ட வேண்டும் என்று ஆண்டவர் விரும்பினார். ஆகவேதான் பையை வாங்கி வைத்த கையோடு, போய் நுழைகிற வீட்டிலேயே தங்கச் சொல்கிறார். ஒரு வேளைச் சோற்றுக்கும் ஓர் இரவுப் பாய்க்கும் முன்பின் தெரியாத மனிதரை நம்பித்தான் நற்செய்திப் பணி தொடங்கியது.

நம் சட்டைப்பையில் இருக்கும் டச் போன் தடியா, பையா? வங்கி, வரைபடம், செய்தித்தாள், சினிமா, கல்யாண ஆல்பம், செபமாலை எல்லாம் அதற்குள்ளே. வழி கேட்க டீக்கடைக்காரர் வேண்டாம், மணி கேட்கப் பக்கத்துச் சீட்டுக்காரர் வேண்டாம். பைக்காவது அடி என்று ஒன்று உண்டு, இதற்கு அதுவும் கிடையாது. விரலால் தள்ளத் தள்ளப் பக்கம் முடியாமல் வந்துகொண்டே இருக்கிறதே, அந்த முறையை 2006இல் உருவாக்கியவர் அசா ராஸ்கின் என்ற அமெரிக்க வடிவமைப்பாளர். அதற்கு முன்பு ஒரு பக்கம் முடிந்தால் அடுத்த பக்கத்துக்குப் பொத்தானை அழுத்த வேண்டும். 'போதும்' என்று எழுந்து போக அந்த ஒரு கணம் கிடைத்தது. அதையும் எடுத்துவிட்டார்கள். தான் செய்த வேலைக்காகப் பின்னாளில் அவரே வெளிப்படையாக வருந்திப் பேசினார்.

இந்தப் பையைக் கீழே வைக்க உலகில் பலர் வழி தேடுகிறார்கள். நியூயார்க்கைச் சேர்ந்த ஜோ ஹோலியர், கைவே டாங் என்ற இருவர் 2015இல் பொதுமக்களிடம் பணம் திரட்டி 'லைட் போன்' என்ற ஒன்றைக் கொண்டுவந்தார்கள். பேசலாம், அவ்வளவுதான். 2019இல் வந்த அடுத்த போனில் காகிதம் போன்ற கறுப்பு வெள்ளைத் திரை. குறுஞ்செய்தி உண்டு, அலாரம் உண்டு, ஃபேஸ்புக்கும் ரீல்ஸும் வரவே வராது. விலை சில நூறு டாலராக இருந்தது!

நம் ஊரில் இதைக் கேட்டால் சிரிப்பார்கள். 2003இல் வந்த நோக்கியா 1100, தலையில் டார்ச் வைத்தது, நினைவிருக்கிறதா? உலகமெங்கும் 25 கோடிக்கு மேல் விற்றது. ஸ்ரீபெரும்புதூரில் 2006 முதல் 2014 வரை இயங்கிய நோக்கியா ஆலையில் எத்தனையோ கிராமத்துப் பெண்கள் பட்டன் போன் செய்து வீட்டுக்குச் சம்பளம் அனுப்பினார்கள். இன்று கட்டுமரத்தில் போகும் ஒருவர் அதே மாதிரிப் போனை எடுத்தால் "இன்னுமா இதை வச்சிருக்கீங்க?" என்கிறோம். வசதியானவர் வாங்கினால் அதற்கு எளிமை என்று பெயர், இல்லாதவரிடம் இருந்தால் ஏளனம்.

லைட் போன் போன்றவற்றின் விளம்பரங்கள் சொல்வது, உங்கள் நேரம் உங்களுக்கே திரும்பக் கிடைக்கும் என்பது. நல்லதுதான், ஆனால் நற்செய்தி அத்தோடு நிற்பதில்லை. திரும்பக் கிடைத்த அந்த நேரத்தை யாருக்குக் கொடுக்கப்போகிறோம்? திருத்தந்தை பிரான்சிஸ் 2015இல் எழுதிய 'லவுதாத்தோ சி' சுற்றுமடலில், பிடித்த உறவை வைத்துக்கொண்டு பிடிக்காததை விருப்பம்போல் நீக்கிவிடும் பழக்கத்தை இணையம் நமக்குக் கற்றுக்கொடுப்பதாகக் கவலைப்படுகிறார். மாமியாரை 'மியூட்' செய்ய முடியாது. ஆனால் ஒரே வீட்டில் இருந்துகொண்டு ரீல்ஸ் பார்த்தால் அதுவும் முடிகிறது.

எல்லாரும் நாளைக்கே டச் போனை விற்றுவிடுங்கள் என்று நான் சொல்லவில்லை. ஆட்டோ ஓட்டுகிற அண்ணனுக்கும், வீடு வீடாகச் சாப்பாடு கொண்டுபோகிற தம்பிக்கும் பிழைப்பு அதில்தான் இருக்கிறது. துபாயில் இருக்கும் கணவர் முகத்தைப் பிள்ளைகளுக்குக் காட்டும் தாய்க்கும் அது வேண்டும். அவர்களுக்கு அது தடி; மாற்கு தடியைத் தடுக்கவில்லை. மற்றவர்கள் ஒரு பட்டன் போன் வாங்கி, மாலையில் சிம்மை அதில் மாற்றிப் பாருங்கள். பணம் அனுப்ப முடியாதே என்ற கவலைகூட வேண்டாம். இணையம் இல்லாத பட்டன் போனிலிருந்தே பணம் அனுப்ப 'யூபிஐ 123பே' என்ற வசதியை ரிசர்வ் வங்கி 2022 மார்ச்சில் தொடங்கிவைத்தது.

இதில் பங்குக்கும் ஒரு பொறுப்பு இருக்கிறது. திருப்பலி நேரம் மாறினால் வாட்ஸ்அப், அன்பியக் கூட்டம் என்றால் வாட்ஸ்அப், அடக்கத் திருப்பலிக்கும் வாட்ஸ்அப். பட்டன் போன் வைத்திருப்பவருக்குத் துக்கச் செய்தி மறுநாள்தான் எட்டுகிறது. எளிமையாக இருங்கள் என்று பீடத்தில் நின்று சொல்லிவிட்டு, எளிமையாக இருப்பவரை அறிவிப்பிலிருந்தே விட்டுவிடுவது எந்த வகையில் நியாயம்? ஆகவே இந்த வாரம் முதல் எல்லா அறிவிப்பும் கோவில் வாசல் பலகையிலும் எழுதப்படும். அன்பியப் பொறுப்பாளர்கள் டச் போன் இல்லாத வீடுகளின் பட்டியலைத் திருப்பலி முடிந்ததும் பங்குப் பேரவைச் செயலரிடம் கொடுங்கள். அந்த வீடுகளுக்கு இளைஞர் இயக்கத்திலிருந்து இரண்டு இரண்டு பேராகப் போய்ச் செய்தி சொல்வார்கள். போகிறவர்கள் வாசலில் நின்று கத்திவிட்டு வந்துவிடாதீர்கள். காபி கொடுத்தால் உட்கார்ந்து குடித்துவிட்டு வாருங்கள்.