வரப்புக்கு அந்தப் பக்கம்

சைனா மியேவில் எழுதிய 'தி சிட்டி அண்ட் தி சிட்டி' (2009) நாவலில் இரண்டு நகரங்கள் ஒரே இடத்தில் இருக்கின்றன. எதிரில் வருபவர் மற்ற நகரத்துக்காரர் என்றால் கண்டும் காணாமல் போகணும். அதுதான் சட்டம். படிக்கும்போது எனக்கு அம்பகரத்தூர் ஞாபகம் வந்தது.

காரைக்கால் மாவட்டத்தில், தமிழ்நாட்டு எல்லையை ஒட்டிய ஊர். தலைநகர் புதுச்சேரிக்குப் போகணும்னா தமிழ்நாட்டைக் கடந்து நூறு கிலோமீட்டருக்கு மேல் போகணும். காலமும் இங்கே கொஞ்சம் கோணல்தான். 1947இல் விடுதலை வரவில்லை. பிரெஞ்சு நிர்வாகம் கைமாறியது 1954 நவம்பர் 1. சட்டப்படி கைமாறியது 1962 ஆகஸ்ட் 16. நடுவில் ஏழரை வருஷத்துக்கு மேல் ஆண்டது இந்தியா, சட்டத்தின் கணக்கில் மண் பிரான்சுடையது. அதற்குப் பிறகும் ஆறு மாசத்துக்குள் எழுதிக் கொடுத்தவர்கள் பிரெஞ்சுக் குடிமக்களாகவே இருக்க முடிந்தது.

இதையெல்லாம் விநோதம்னு ரசிச்சுக்கிட்டிருந்தேன். ஒரு ஐப்பசி மழையில் எல்லைக்கு இரண்டு பக்கமும் நெல் மூழ்கியது. அந்தப் பக்கத்து வரப்பில் நின்ற பெரியவர், "எல்லாம் போச்சு தம்பி" என்றார். "உங்க கவர்மெண்டு பாத்துக்கும்ங்க" என்று சொல்லிவிட்டு நடந்தேன்.

நாவலில் இப்படிக் காணாமல் போகாதவர்களைப் பிடிக்க ஒரு காவல்படை உண்டு. இங்கே யாரும் என்னை மிரட்டவில்லை. கோடு போட்டவர்கள் கப்பலேறிப் போய் எவ்வளவோ காலம் ஆயிற்று. நிவாரணத்தை எந்த அரசு தருவது என்பதற்கு எல்லை வேண்டும், சரி. அவர் பக்கத்தில் ஐந்து நிமிஷம் நிற்பதற்கு எந்த எல்லை தடுத்தது?