ஆணையும் மறைப்பும்

மக்கள் ஒருங்கு கூடி வாழும் இயல்பினர். அவருட் சிலர் பிறர் அறியாவாறு தனித்துக் கூடுதலும், கூடிய இடத்து நிகழ்ந்தவற்றை வெளியிடேம் என ஆணை மொழிதலும் பல நாட்டினும் பல காலத்தும் காணப்படுவனவாம். அங்ஙனம் கூடுதல் அறத்தொடு பொருந்துமா என்பதே ஈண்டு ஆராயப் புகுந்த பொருள். பொருந்தாது என ஒருதலையாகக் கூறுவாரும் உளர். கூடினார் நல்லராயின் குற்றம் யாது என வினவுவாரும் உளர். இருதிறத்தார் கூற்றையும் வரலாற்றோடு வைத்து நோக்கித் துணிதலே முறையாகலின், உலகிற் பெரிதும் அறியப்பட்ட பிரீமேசன் சங்கத்தை முதற்கண் எடுத்துக்கொள்வாம்.

மேசன் என்பது கல்தச்சர்க்குப் பெயர். ஐரோப்பாவில் பெருங்கோயில்கள் எடுத்த கல்தச்சர், தம் தொழில் நுட்பங்களைத் தொழில் பயின்றார்க்கன்றிப் பிறர்க்கு உரையாது காத்தனர். காலம் செல்லச் செல்ல, உளி பிடித்தறியாத செல்வரும் கற்றோரும் அவர்தம் கூட்டங்களிற் சேரலாயினர். எலியாஸ் அஷ்மோல் என்னும் அறிஞர் 1646-ஆம் ஆண்டு வாரிங்டன் என்னும் ஊரில் தாம் சேர்க்கப்பட்டமையைத் தம் நாட்குறிப்பில் எழுதிவைத்துள்ளார். இலண்டனில் நான்கு கூடங்கள் 1717-ஆம் ஆண்டு ஒன்றுபட்டுப் பெருங்கூடம் ஒன்றை அமைத்தன என்பது அச்சங்கத்தார் வழங்கும் வரலாறு. ஜேம்ஸ் ஆண்டர்சன் தொகுத்த அவர்தம் விதிநூல் 1723-இல் அச்சேறிற்று. கைக்குறியும் குறிச்சொல்லும், படிப்படியாக ஏற்றப்படும் மூன்று நிலைகளும், மூலைமட்டம் கவராயம் முதலிய தச்சர் கருவிகளை ஒழுக்கத்திற்கு உருவகமாகக் கொண்டு கற்பித்தலும் அவர்தம் வழக்கங்கள்.

இச்சங்கத்தால் விளைந்த நன்மை சிறிதன்று. சமயப் பூசலால் குருதி சிந்திய ஐரோப்பாவில், கடவுள் நம்பிக்கை ஒன்றையே பொதுவாகக் கொண்டு, வெவ்வேறு சமயக் கிளையினர் ஓரிடத்து அமர இஃது இடந்தந்தது. அமெரிக்காவில் பிரின்ஸ் ஹால் என்னும் கறுப்பரும் அவர்தம் தோழரும், வெள்ளையர் கூடங்கள் தம்மை ஏலாமையால், 1784-இல் இங்கிலாந்தின் பெருங்கூடத்திலிருந்து உரிமைப் பட்டயம் பெற்றனர். ஏழை உறுப்பினர்தம் பெண்மக்களுக்கெனப் பள்ளி ஒன்று 1788-இல் இலண்டனில் நிறுவப்பட்டது.

இந்தியாவில் 1730-ஐ ஒட்டிக் கல்கத்தாவிலும், 1752-இல் சென்னையிலும் கூடங்கள் தோன்றின. ஆயின் அவை நெடுங்காலம் பெரும்பாலும் ஆங்கிலேயர்க்கே உரியனவாய் இருந்தன. பிரசன்ன குமார தத்தர் என்னும் வங்காள வணிகர் 1863-இல் விண்ணப்பித்தும், இந்துவாதலின் ஏலாராய் மறுத்து, பல்லாண்டு வழக்காடிய பின்னரே 1872-இல் சேர்த்துக்கொண்டனர். எல்லா மக்களும் உடன்பிறந்தார் என்று உள்ளே ஓதியவர், வாயிலில் நின்றானை ஒன்பதாண்டு புறத்தே நிறுத்தினர் என்க. அதன் பின்னர் 1884-இல் நரேந்திரநாதர் என்னும் இளைஞர் கல்கத்தாக் கூடமொன்றிற் சேர்ந்தனர். அவரே பின்னர் விவேகானந்த அடிகளாய் விளங்கியவர். இந்தியப் பெருங்கூடம் தனித்து அமைந்தது 1961-இல்.

இனி மறுபுறம் நோக்குவாம். அமெரிக்க நாட்டு நியூயார்க் மாகாணத்தில் வில்லியம் மார்கன் என்பார், சங்கத்தின் மறைபொருள்களை அச்சிட முயன்றமையால் 1826-இல் கடத்திக் கொண்டுபோகப்பட்டனர். பின்பு அவரைக் கண்டார் இலர். அக்கடத்தலுக்குத் துணைநின்றமைக்காக, சட்டத்தைக் காக்கக் கடவராகிய ஷெரீப் ஒருவரே சிறைப்பட்டார். வழக்கை நடத்துவாரும் அச்சங்கத்தாரே என மக்கள் கொதித்தெழுந்து, சங்கத்துக்கு எதிராகவே ஓர் அரசியற் கட்சி கண்டனர். இத்தாலியில் 'பி இரண்டு' எனப்பட்ட கூடத்தின் செயல் இதனினும் கொடிது. அதன் தலைவர் லிச்சோ ஜெல்லியின் இடங்களை 1981-இல் சோதித்தபொழுது 962 பெயர்கள் அடங்கிய பட்டியல் கிடைத்தது. அமைச்சர், படைத்தலைவர், உளவுத்துறைத் தலைவர், நீதிபதி, பத்திரிகை நடத்துவோர் எனப் பலர் அதில் இருந்தனர். அதனால் ஆட்சி கவிழ்ந்தது. 1982-இல் தனிச்சட்டத்தால் அக்கூடம் கலைக்கப்பட்டது.

இவற்றைக் கண்டு, 'மறைவாய்க் கூடுவார் யாவரும் தீயரே. மறைப்பு என்பதே பாவம்' என்று முடிவு செய்யலாமோ எனின், ஆகாது. என்னை? இங்கிலாந்தில் டால்பட்டில் என்னும் சிற்றூரின் உழவுத் தொழிலாளர் அறுவர், கூலி மேன்மேலும் குறைக்கப்பட்டமை பொறாது, ஜார்ஜ் லவ்லெஸ் என்பாரைத் தலைவராகக் கொண்டு சங்கம் ஒன்று கூட்டினர். உறுப்பினர் கண்ணைக் கட்டி ஆணை வாங்கினர். சங்கம் அமைத்தல் அப்போது குற்றமன்று. ஆதலின், கப்பற்படைக் கலகத்தை அடக்க 1797-இல் இயற்றிய சட்டத்தைத் தேடியெடுத்து, மறைவாய் ஆணை வாங்கினர் என்று 1834-இல் ஏழாண்டு நாடுகடத்தும் தண்டம் விதித்தனர். நாடெங்கும் எழுந்த முறையீட்டால் 1836-இல் மன்னிப்பு அளிக்கப்பட்டது. மறைச்சங்கங்களைத் தடுக்க 1799-இல் இயற்றிய சட்டமோ, உறுப்பினர் பெயர்ப் பட்டியலை ஆண்டுதோறும் கொடுத்தல் போதும் எனப் பிரீமேசன் கூடங்களுக்கு விலக்கு அளித்திருந்தது. செல்வர் ஆணையிடின் அது சடங்கு. ஏழை ஆணையிடின் அது குற்றம்! கூலிக்கு அஞ்சி மறைந்தாரையும், அதிகாரத்தைப் பங்கிட மறைந்தாரையும் ஒரு தட்டில் வைத்து நிறுத்தல் நடுவுநிலைமை அன்று.

ஆயின் நன்மறைப்பையும் தீமறைப்பையும் வேறு பிரித்து அறிவது எங்ஙனம்? மூன்று வினாக்களை எழுப்பி அறிக. மறைக்கப்படுவது யாது என்பது முதல் வினா. சடங்கையும் குறிச்சொல்லையும் மறைத்தலால் பிறர்க்கு இழப்பு இல்லை. பிறரைத் தாக்கும் செயலை மறைத்தலே கேடு. யாரிடமிருந்து மறைக்கப்படுகிறது என்பது இரண்டாவது. எளியோர் வலியோரிடமிருந்து மறைத்தல் தற்காப்பு; நீதிபதியும் அதிகாரியும் தாம் கடப்பாடு பூண்ட பொதுமக்களிடமிருந்து மறைத்தல் வஞ்சம். ஆணை அறத்துக்கு அடங்கியதா, அறத்தின்மேல் ஏறியதா என்பது மூன்றாவது.

இம்மூன்றாவதே தலையாயது. இன்னது என்று அறியுமுன்னரே மறைப்பேன் என ஆணையிடுதல் யாங்ஙனம் பொருந்தும் எனின், கடவுட்கும் நாட்டிற்கும் ஒழுக்கத்திற்கும் மாறான எதுவும் ஆணையில் இல்லை என்று சேர்வாரிடம் முன்னரே சொல்லுதல் இங்கிலாந்தின் பிரீமேசன் வழக்கம். அவ்வளவில் அது நன்று. ஆணை பிழைத்தார்க்கு உடலை வருத்தும் தண்டம் கூறிய பழஞ்சொற்களை அவர்கள் ஆணையினின்றும் நீக்கியது 1986-இல்தான். கொடுமை விளையுங்கால் ஆணையைக் காத்தல் வாய்மை ஆகாது. ஆணை வாய்மையின் பொருட்டேயன்றி, வாய்மை ஆணையின் பொருட்டு அன்று. மார்கன் எங்கே என அறிந்தும் வாய் திறவாதார் தம் சொல்லைக் காத்தனர், அறத்தைக் காத்திலர்.

ஈண்டு ஒரு தடை எழும். 'நும் சமயத்தும் தீக்கையும் உபதேசமும் மறைவாகவே நிகழ்கின்றன; அவற்றை மட்டும் ஏற்றல் எங்ஙனம்?' என்பர். விடை: ஆசிரியன் மறைப்பது மாணாக்கனின் பக்குவம் நோக்கி, பக்குவம் வரின் தானே திறப்பன். குருவின் பெயரும் மரபும், ஓதும் நூலும் வெளிப்படை. தீக்கை பெற்றான் நெற்றியில் நீறும் கழுத்தில் அக்கமணியும் அணிந்து தன்னை ஊரறிய வைக்கின்றான். யான் யார் என்பதை மறைத்திலன். ஆயினும் இவ்வளவோடு அமைதல் கூடாது. உபதேசத்தின் பெயரால் பொருளையோ இழிசெயலையோ மறைப்பான் ஒருவன் உளனாயின், மேற்கூறிய மூன்று வினாக்களும் அவனையும் நோக்கி எழுவனவே. பிறர் மறைப்பை அளக்கும் கோலால் நம் மறைப்பையும் அளவாதார் நடுவுநிலைமை பேசுதற்கு உரியர் அல்லர்.

இன்னும் ஒன்று. கூடத்தின் உள்ளிருப்பானை உடன்பிறந்தான் என்று போற்றுதல் எளிது. புறத்தானுக்கு உரியதை எடுத்து அவனுக்கு ஊட்டாதிருத்தல் அரிது. வேலை ஒன்று, தீர்ப்பு ஒன்று, குத்தகை ஒன்று, தகுதியானவனை விட்டுக் குறியறிந்தவன்பாற் செல்லுமாயின், அங்கே அன்பு என்பது களவாய் முடியும். பறிகொடுத்தவன் தான் பறிகொடுத்ததையும் அறியான். அதனால் முறையிடவும் மாட்டான். இக்கேடு பிரீமேசன் கூடத்துக்கே உரியதன்று. சாதியும் ஊரும் உறவும் பற்றிப் பதவியாளர் தம்முள் செய்துகொள்ளும் உடன்பாடு யாவற்றிற்கும் ஒக்கும். அவற்றிற்கு ஆணையும் குறிச்சொல்லும் இல்லாமையால் அவை மறைச்சங்கம் எனப்படாது ஒழிகின்றன, அவ்வளவே.

எங்கும் நிறைந்த முதல்வன் காணாத இடம் ஒன்று உண்டெனச் சைவர் கருதார். மூடிய கதவுக்குள் நிகழ்வதும் அவன் திருமுன்னரே நிகழ்கின்றது. ஆதலின், பொதுமக்கள் கண்டால் நாணத்தக்கது யாதோ அதனைக் கதவு சாத்திச் செய்யாமையும், செய்வார்க்கு ஆணையின் பெயரால் துணைபோகாமையும் அறமுடையார் கடன் என்று துணிக.