முகத்தை யாருக்குக் கொடுப்பது?

2019-ல் சாய் பல்லவி ஒரு சிவப்பழகு க்ரீம் விளம்பரத்தில் நடிக்க மறுத்தார். பேசப்பட்ட தொகை 2 கோடி ரூபாய் என்று செய்திகள் வந்தன. எங்கள் ஊர்ப் பக்கம், குன்னூர் கோத்தகிரி மினி பஸ்ஸிலும் டீக்கடையிலும், கொஞ்ச நாளைக்கு இதே பேச்சுதான். "நம்ம கோத்தகிரிப் பொண்ணு" என்ற பெருமை ஒரு பக்கம். "ரெண்டு கோடியை வேணாம்னு சொல்ல அவங்களால முடியும், நம்மால முடியுமா?" என்ற கேள்வி இன்னொரு பக்கம். மூன்றாவதாக ஒரு குரலும் இருந்தது: "அவங்க பண்ணலன்னா வேற ஒருத்தங்க பண்ணிட்டுப் போறாங்க. க்ரீம் விக்காமலா போயிடும்?"

பெருமையை விட்டுவிடுவோம், அது வாக்காளர் பட்டியல் மாதிரி ஊர் பார்த்து வருவது. மற்ற இரண்டும் சாதாரணக் கேள்விகள் இல்லை. வசதி இருப்பவர் மறுத்தால் அதற்கு என்ன மதிப்பு? எதையும் மாற்றாத மறுப்புக்கு என்ன பொருள்? இந்த இரண்டுக்கும் பதில் தேடாமல் அவரைப் பாராட்டுவது ரசிகர் மன்ற வேலை. எனக்கு அதில் ஆர்வம் இல்லை.

முதலில் அவர் கடந்து வந்த பாதையைக் கொஞ்சம் பார்க்கலாம். 1992-ல் கோத்தகிரியில் பிறந்தவர், படகர். வளர்ந்தது கோவையில். அவரை முதலில் நம் வீட்டுக் கூடத்துக்குக் கொண்டுவந்தது தொலைக்காட்சிதான். 2008-ல் விஜய் டிவியின் 'உங்களில் யார் அடுத்த பிரபுதேவா' நடனப் போட்டி, அடுத்த வருடம் தெலுங்கில் ஈடிவியின் 'டீ'. பிறகு மருத்துவம் படிக்க ஜார்ஜியா நாட்டின் திபிலிசிக்குப் போனார். அங்கே படித்துக்கொண்டிருக்கும்போதே அல்போன்ஸ் புத்திரனின் 'பிரேமம்' 2015-ல் வெளியானது. மலர் டீச்சரின் கன்னத்தில் பருக்கள் அப்படியே தெரிந்தன. அதை யாரும் பூசி மறைக்கவில்லை. அந்தப் படத்தை நாலு தடவை பார்த்தவர்களுக்கு ஏன் நாலு தடவை பார்த்தோம் என்று சொல்லத் தெரியாது. அதில் பாதிக் காரணம் அந்தக் கன்னம்தான் என்பது என் எண்ணம். திரையில் நம் வகுப்பில் இருந்த ஒரு பெண்ணின் முகம் தெரிந்தது. அதற்குப் பிறகு 'ஃபிதா', 'மாரி 2', 'கார்கி', 'அமரன்' என்று பெரிய நடிகையாகிவிட்டார்.

இங்கே ஒன்றைக் கவனிக்க வேண்டும். க்ரீம்காரர்கள் ஏன் அவரைத் தேடி வந்தார்கள்? அழகான முகங்களுக்கு மும்பையில் பஞ்சமில்லை. இந்த முகம் எதையும் பூசிக்கொள்ளாத முகம் என்று மக்கள் நம்பியிருந்தார்கள். அந்த நம்பிக்கைக்குத்தான் 2 கோடி. 'பூசாத முகம்' என்று பேர் வாங்கியவர் 'பூசு' என்று சொன்னால் அதன் எடையே வேறு.

*

"அவங்க பண்ணலன்னா வேற ஒருத்தங்க" என்ற வாதத்தை முதலில் எடுத்துக்கொள்கிறேன். தத்துவத்தில் இதற்கு ஒரு பிரபலமான கதை இருக்கிறது. 1973-ல் பெர்னார்ட் வில்லியம்ஸ் என்ற ஆங்கிலேயத் தத்துவவாதி ஜார்ஜ் என்று ஒரு வேதியியலாளரைக் கற்பனை செய்தார். ஜார்ஜுக்கு உடம்பு அவ்வளவாகச் சரியில்லை, சின்னக் குழந்தைகள், வேலை கிடைப்பது கஷ்டம். ரசாயன, உயிரியல் ஆயுத ஆராய்ச்சி நடக்கும் ஒரு கூடத்தில் வேலை வாங்கித் தருவதாக ஒரு மூத்தவர் சொல்கிறார். ஜார்ஜுக்கு அப்படிப்பட்ட ஆயுதங்களில் உடன்பாடில்லை. மூத்தவர் சொல்வது இதுதான்: நீ போகாவிட்டால் அந்த இடத்துக்கு இன்னொருவன் வருவான், அவனுக்கு எந்த உறுத்தலும் கிடையாது, உன்னைவிட வேகமாகச் செய்து முடிப்பான். கணக்குப் போட்டுப் பார்த்தால் ஜார்ஜ் சேர்வதுதான் உலகத்துக்கு நல்லது.

வில்லியம்ஸுக்கு இந்தக் கணக்கே பிரச்சினை. விளைவை மட்டும் கூட்டிக் கழித்தால் ஜார்ஜ் என்ற மனிதனே காணாமல் போகிறான். தண்ணீர் எப்படியும் ஓடும், எந்தக் குழாய் வழியாக ஓடினால் என்ன என்கிற மாதிரி ஆகிவிடுகிறது. மனிதன் குழாய் இல்லை. நான் செய்வதற்கும் என்னைச் சுற்றி நடப்பதற்கும் வித்தியாசம் இருக்கிறது. அந்த வித்தியாசத்தை அழித்துவிட்டால் மனசாட்சி என்ற சொல்லுக்கே வேலையில்லை.

இது சரிதான். ஆனாலும் எனக்கு இது முழுசாகப் போதவில்லை. இந்த வழியிலேயே போனால் அது ஒரு மாதிரி மடி ஆசாரத்தில் போய் நிற்கும். ஊர் எப்படியும் போகட்டும், என் கை சுத்தமாக இருந்தால் போதும். அப்படியொரு மறுப்பை மதிக்க எனக்கு மனம் வரவில்லை. சாய் பல்லவியின் மறுப்பு அந்த ரகம் இல்லை என்று நினைக்கிறேன். காரணம், விளம்பரம் என்பது ஆயுதக்கூடத்து வேலை போன்றது இல்லை. அதில் ஒருவர் இன்னொருவரைப் பார்த்துப் பேசுகிறார்.

நடிப்பில் பொய் உண்டு, ஏமாற்று கிடையாது. 'கார்கி'யில் அவர் அழும்போது அது கார்கியின் அழுகை என்று நமக்குத் தெரியும். டிக்கெட் வாங்கும்போதே அந்த ஒப்பந்தத்தில் கையெழுத்துப் போட்டுவிட்டுத்தான் உள்ளே போகிறோம். க்ரீம் விளம்பரத்தில் வருவது கதாபாத்திரம் இல்லை. சாய் பல்லவி என்ற பெயரோடு, சாய் பல்லவியின் முகத்தோடு ஒருவர் வந்து "இதனால்தான் நான் இப்படி இருக்கிறேன்" என்கிறார். சினிமாவில் செய்வது நடிப்பு, இங்கே செய்வது சாட்சி சொல்வது. பொய்ச் சாட்சிக்கு "நான் சொல்லலன்னா வேற ஒருத்தன் சொல்லுவான்" என்று யாரும் நியாயம் பேசுவதில்லை. கோர்ட்டில் அப்படிச் சொல்லிப் பாருங்கள்.

இந்தச் சாட்சியைக் கேட்பது யார் என்பதும் முக்கியம். பேட்டிகளில் அவர் தன் தங்கையைப் பற்றிச் சொல்லியிருக்கிறார். தங்கைக்குத் தன்னைவிட அக்கா நிறமாக இருக்கிறாளே என்று ஒரு ஏக்கம். நிறமாகணும்னா காய்கறி, பழம் சாப்பிடு என்று அக்கா சொல்லிவைத்தார். காய்கறி பிடிக்காத அந்தப் பிள்ளை நிறத்துக்காக அதைச் சாப்பிட ஆரம்பித்தது. தன்னைவிடச் சின்னப் பெண் ஒருத்தியை இந்த ஆசை எவ்வளவு தூரம் ஆட்டிவைக்கிறது என்று பார்த்தது தன்னைப் பாதித்ததாக அவர் சொன்னார். அதாவது, விளம்பரத்தைக் கேட்கப்போகும் பெண்ணை அவருக்கு நேரில் தெரியும். அவள் ஒரே வீட்டில், ஒரே கண்ணாடி முன்னால் நின்றவள்.

அந்தப் பெண்ணை நமக்கும் தெரியும். "கருப்பா இருந்தாலும் களையா இருக்கா" என்ற வாக்கியத்தைக் கேட்காமல் வளர்ந்த பெண் தமிழ்நாட்டில் இருக்கிறாளா? பாராட்டு மாதிரிதான் இருக்கும். அந்த 'இருந்தாலும்' என்ற ஒரே சொல்லில் மொத்தத் தீர்ப்பும் உட்கார்ந்திருக்கிறது.

*

ஒருவர் மறுத்தால் எதுவும் மாறாது என்பது உண்மையா? வரலாறு வேறு மாதிரி சொல்கிறது. ஃபேர் அண்ட் லவ்லி 1975-ல் வந்தது. 'விமன் ஆஃப் வொர்த்' என்ற சென்னை அமைப்பு 2009-ல் கருப்பும் அழகே என்ற இயக்கத்தைத் தொடங்கியது. 2013-ல் நந்திதா தாஸ் அதற்கு முகம் கொடுத்தார். 2014-ல் விளம்பரத் துறையின் சுயக் கட்டுப்பாட்டு அமைப்பு, கருத்த நிறம் உள்ளவர்களை வேலை கிடைக்காதவர்களாக, கல்யாணம் ஆகாதவர்களாகக் காட்டக் கூடாது என்று விதி கொண்டுவந்தது. 2020-ல் அந்த க்ரீம் தன் பெயரிலிருந்தே 'ஃபேர்' என்ற சொல்லை எடுத்துவிட்டு 'க்ளோ' என்று வைத்துக்கொண்டது. க்ரீம் இன்னும் கடையில் தொங்குகிறது, அது வேறு விஷயம். ஆனால் 45 வருடம் வெட்கமில்லாமல் சொன்ன ஒரு சொல்லைச் சொல்ல வெட்கப்படும்படி ஆகிவிட்டது. எந்த ஒரு மறுப்பும் தனியாக இதைச் செய்யவில்லை. ஒவ்வொரு மறுப்பும் அடுத்தவர் மறுப்பதைக் கொஞ்சம் சுலபமாக்கியது.

மறுப்பது பாதி வேலைதான். மீதிப் பாதி, காலியான இடத்தில் வேறு முகம் வருவது. பிரேசிலில் அமெரிக்கக் கண்டத்திலேயே கடைசியாக, 1888-ல்தான் அடிமை முறை ஒழிந்தது. அங்கே தொலைக்காட்சித் தொடர்தான் சினிமாவைவிடப் பெரிய கோயில். அந்தக் கோயிலின் பெரிய சந்நிதி குளோபோ தொலைக்காட்சி. 2004-ல் அதன் தொடர் ஒன்றில் ஒரு கருப்பினப் பெண் கதாநாயகியாக வந்தார். அவர் தாயிஸ் அராவுஜோ. அந்தத் தொடரின் பெயரைத் தமிழில் 'பாவத்தின் நிறம்' என்று சொல்லலாம். தலைப்பிலேயே நம் ஊர் 'இருந்தாலும்' இருக்கிறது பாருங்கள். 2009-ல் இன்னொரு தொடரில் அவர் புகழ்பெற்ற மாடலாக நடித்தார். நம் தொடர்களில் இந்த மாற்றம் இன்னும் பெரிதாக நடக்கவில்லை. மாநிறப் பெண்ணுக்கே பவுடர் போட்டு ஒரு படி ஏற்றித்தான் கேமரா முன் நிறுத்துகிறார்கள்.

*

இப்போது கஷ்டமான கேள்வி. வசதி இருந்ததால் மறுத்தார், இதில் என்ன பெரிய அறம்?

அவரே இதைக் கிட்டத்தட்ட ஒப்புக்கொண்டார். அந்தப் பணத்தை வைத்து என்ன செய்யப் போகிறேன், வீட்டுக்குப் போய் மூணு சப்பாத்தியோ சோறோ சாப்பிடுவேன், காரில் சுற்றுவேன், பெரிய தேவை எனக்கில்லை என்கிற அர்த்தத்தில் பேசினார். சப்பாத்தி எல்லோருக்கும் உண்டு, கார் எல்லோருக்கும் இல்லை. இதை மறைத்துவிட்டுப் பேசினால் நேர்மையாக இருக்காது.

நீலகிரியில் முகம் கொடுப்பதற்கும் மறுப்பதற்கும் ஒரு பழைய கதை இருக்கிறது. 1873-ல் வில்லியம் மார்ஷல் என்ற ராணுவ அதிகாரி தோடர்களின் மண்டையோட்டு வடிவத்தை வைத்து அவர்களின் குணத்தைச் சொல்லும் ஒரு புத்தகம் போட்டார், படங்களோடு. அதே வருடம் இந்த மாவட்டத்தின் முதல் கமிஷனர் பிரீக்ஸ் எழுதிய, நீலகிரிப் பழங்குடிகள் பற்றிய புத்தகமும் வந்தது. அதிலும் படங்கள். பிறகு சென்னை அருங்காட்சியகத்தின் எட்கர் தர்ஸ்டன் அளவுகோலோடு மலையேறி வந்து மூக்கு மூக்காக அளந்தார். அந்தப் படங்களில் இருப்பவர்களிடம் "வேண்டாம்னா சொல்லுங்க" என்று யாராவது சொல்லியிருப்பார்கள் என்று எனக்குத் தோன்றவில்லை. அதே மலையில் பிறந்த ஒரு பெண்ணிடம் 150 வருடம் கழித்து முகத்தைக் கேட்கிறார்கள், விலை சொல்லிக் கேட்கிறார்கள், அவர் வேண்டாம் என்கிறார். மறுக்கும் வசதி என்பது வானத்திலிருந்து விழுந்ததில்லை. அது ஒரு தூரம். நடந்து வந்த தூரம்.

என் பாட்டி 1964 ஒப்பந்தத்துக்குப் பிறகு இலங்கையிலிருந்து வந்தவர். அவர் முகம் முதன்முதலில் போட்டோ ஆனது பாஸ்போர்ட்டுக்காக. அதை மறுக்க முடியாது, மறுத்தால் கப்பல் ஏற முடியாது. இங்கே வந்து கொழுந்து பறித்தார். ரோட்டோரக் காட்டில் நிரை பிடித்து நிற்கும்போது சுற்றுலா வருகிறவர்கள் காரை நிறுத்திக் கேட்காமலே படம் எடுப்பார்கள். டீத்தூள் பாக்கெட்டில் சிரிக்கிற பெண் மாதிரி ஒரு படம் வேண்டும் அவர்களுக்கு. பாட்டி தலையில் போட்டிருக்கும் துணியை இழுத்து முகத்தை மூடிக்கொள்வார். "என்னாத்துக்கு நம்ம மூஞ்சி அவனுக்கு?" என்பார். கங்காணியிடம் மறுக்க முடியாது, எடை போடுகிறவரிடம் மறுக்க முடியாது. மறுக்க முடிந்த அந்த ஒரு இடத்தில் மறுத்தார். கையில் காசு இல்லாதவர்களுக்கு அறம் இல்லை என்று சொல்பவர்கள் இந்தத் துணியைப் பார்த்ததில்லை.

ஆகவே எனக்குப் படுவது இது. மறுப்பின் மதிப்பை அதில் இழந்த தொகையை வைத்து அளக்க முடியாது. பணக்காரரின் மறுப்பும் ஏழையின் மறுப்பும் ஒரே வேலையைத்தான் செய்கின்றன, இன்னொருவருக்குக் கேடு செய்யத் தன் முகம் உதவாது என்று சொல்கின்றன. வித்தியாசம் கடமையில் இருக்கிறது. மறுத்தால் வயிறு காயும் என்ற நிலையில் இருப்பவர் மறுக்காவிட்டால் நாம் குறை சொல்ல முடியாது. மறுத்தாலும் எதுவும் குறையாது என்ற நிலையில் இருப்பவர் மறுக்காவிட்டால் கேட்கலாம், கேட்க வேண்டும். வசதி அந்த மறுப்பைச் சின்னதாக்குவதில்லை. மறுக்காமல் இருப்பதற்கான சாக்கை எடுத்துவிடுகிறது, அவ்வளவுதான்.

என் பெரியம்மா மகள், எனக்கு அக்கா முறை, கோவையில் ஒரு அழகுசாதனக் கடையில் நிற்கிறாள். மாசம் இவ்வளவு விற்க வேண்டும் என்று டார்கெட். வருகிற பெண்ணின் முகத்தைப் பார்த்து அதில் ஒரு குறையைக் கண்டுபிடித்துச் சொல்வதுதான் வேலை. அவளும் என்னை மாதிரி கருப்பு. அவள் விற்கும் க்ரீமை அவளே நம்புவதில்லை. விட்டுவிட்டு வந்துவிடு என்று சொல்ல எனக்கு எந்தத் தகுதியும் இல்லை, வீட்டு வாடகையை நான் கட்டுவதில்லை.

அந்த மறுப்புச் செய்தி வந்த கொஞ்ச நாளில் காலேஜ் படிக்கிற ஒரு பெண் அவளிடம் வந்திருக்கிறாள். க்ரீமைக் கையில் எடுத்துப் பார்த்துவிட்டு, "சாய் பல்லவியே வேணாம்னு சொல்லிட்டாங்கக்கா" என்று சிரித்து, திரும்ப வைத்துவிட்டுப் போய்விட்டாள்.

"உனக்கு டார்கெட்ல ஒண்ணு போச்சே" என்றேன்.

"போச்சுதான்" என்றாள். "ஆனா அந்தப் புள்ளகிட்ட நான் வற்புறுத்தல. சூப்பர்வைசர் அந்தப் பக்கம் இருந்தாரு."