தொடங்காததெல்லாம் பழுதானதல்ல

பழைய விளையாட்டுக் கருவி ஒன்றைக் கணினிக்குள் மென்பொருளாக இயங்கச் செய்வது எமுலேட்டர். 1994 டிசம்பர் 3 அன்று ஜப்பானில் வெளிவந்த முதல் பிளேஸ்டேஷனுக்குள் 512 கிலோபைட் அளவில் பயாஸ் என்னும் தொடக்க நிரல் பதிந்திருந்தது. மின்சாரம் வந்ததும் முதலில் இயங்குவது அதுதான். கருவியின் உறுப்புகளைத் தயார்செய்து, இறுவட்டைப் படிக்க வழிவிட்டு, பிறகே ஆட்டத்திடம் பொறுப்பை ஒப்படைக்கும். அதன் பிரதி இல்லையென்றால் பல எமுலேட்டர்கள் ஒரு பிழைச்செய்தியோடு நின்றுவிடுகின்றன.

அந்த நேரத்தில் பலருக்கும் வருவது அவசரம். மென்பொருளை அழித்து மீண்டும் நிறுவுவார்கள், அமைப்புகளையெல்லாம் மாற்றுவார்கள், எங்கிருந்தோ வேறொரு கோப்பைக் கொண்டுவந்து போடுவார்கள். எல்லாவற்றையும் ஒருசேர மாற்றினால், சரிவந்தாலும் காரணம் தெரியாது; சரிவராவிட்டால் பழைய பழுதோடு புதியவையும் சேரும்.

பழுதை வரிசையாகத் தேட வேண்டும். முதற்கேள்வி, பயாஸ் கோப்பு தேவையா என்பது. மெகா டிரைவ் போன்ற கேட்ரிஜ் கருவிகளுக்குப் பொதுவாகத் தேவையில்லை. தேவையென்றால், உரிய இடத்தில் இருக்கிறதா? ரெட்ரோஆர்ச் என்ற எமுலேட்டர் மென்பொருள் அதைத் தனது 'சிஸ்டம்' கோப்புறையில்தான் தேடும். ஆட்டங்களோடு சேர்த்து வைத்தால் கண்டுகொள்ளாது. அடுத்தது பெயர். விண்டோஸ் கோப்பின் பின்னொட்டை மறைத்துக் காட்டுவதால், '.bin' என்ற பின்னொட்டு இருமுறை ஒட்டியிருந்தாலும் கண்ணுக்குப் படாது. லினக்ஸில் ஆங்கிலப் பெரிய எழுத்தும் சிறிய எழுத்தும் வெவ்வேறு. பெயரும் சரியென்றால், கோப்பு முழுமையானதா? முதல் பிளேஸ்டேஷனின் பயாஸ் 5,24,288 பைட் இருக்க வேண்டும். குறைந்தால் பிரதியெடுப்பு பாதியில் அறுந்திருக்கலாம். அல்லது சுருக்கப்பட்ட ஸிப் (zip) பொதியை விரிக்காமலே போட்டிருக்கலாம். அளவும் பொருந்தினால், எம்டி5 என்ற 32 குறியீட்டு அடையாளத்தைச் சரியான பிரதியின் அடையாளத்தோடு ஒப்பிட வேண்டும். ஜப்பான், அமெரிக்கா, ஐரோப்பா எனப் பிராந்தியத்துக்கொரு பயாஸ் உண்டு. ஒன்றின் பெயரில் மற்றொன்று இருந்தால் இங்கேதான் பிடிபடும்.

கோப்பு வந்த வழியும் கேட்கப்பட வேண்டியதே. இலங்கையின் 2003ஆம் ஆண்டு 36ஆம் இலக்கப் புலமைச்சொத்துச் சட்டம் கணினி நிரல்களையும் பாதுகாக்கிறது; பயாஸும் ஒரு நிரலே. பயாஸை யாரிடமிருந்தும் எடுக்காமல் தாமே எழுதியவர்களும் உண்டு. கனெக்டிக்ஸ் நிறுவனம் பிளேஸ்டேஷனின் நிரலை ஆராய்ந்து, அதே வேலையைச் செய்யும் நிரலைப் புதிதாக எழுதியது. பிளேஸ்டேஷனைத் தயாரித்த சோனி வழக்குத் தொடுத்தது. ஆராய்ச்சிக்காக இடையில் எடுத்த பிரதிகள் நியாயமான பயன்பாடே என்று 2000 பிப்ரவரியில் அமெரிக்க மேன்முறையீட்டு நீதிமன்றம் தீர்ப்பளித்தது.

இவ்வளவு பாடுபடுவதற்குக் காரணம் இருக்கிறது. கருவிகள் நிலைப்பதில்லை. இறுவட்டைப் படிக்கும் லேசர் தேயும். கல்முனை, மருதமுனை போன்ற கரையோர ஊர்களில் உப்புக்காற்று உலோகத்தை விரைவாக அரிக்கும். ஒரு தலைமுறையின் விளையாட்டைக் காப்பாற்ற எமுலேட்டரே நம்பத்தக்க வழி.

இந்த ஒழுங்கு திரைக்கு வெளியிலும் தேவைப்படுகிறது. பிள்ளை படிப்பில் பின்தங்கினால் பெற்றோர் பாடசாலையை மாற்றுகிறார்கள், இன்னொரு டியூஷனில் சேர்க்கிறார்கள், ஏசுகிறார்கள். கரும்பலகை எழுத்து அதன் கண்ணுக்குத் தெரிகிறதா என்ற கேள்வி கடைசியில்தான் வருகிறது. சில வீடுகளில் வருவதேயில்லை. செலவில்லாத கேள்வியை முதலிலும், திருப்பியெடுக்க முடியாத முடிவைக் கடைசியிலும் வைப்பதே தேடலின் அறம். அந்த வரிசை தலைகீழானால் நல்ல கருவியும் நல்ல பிள்ளையும் பழுதென்று ஒதுக்கப்படும்.

ஒன்று தொடங்க மறுத்தால் கைவிடுமுன் ஒவ்வொன்றாகக் கேளுங்கள். ஒரு நேரத்தில் ஒன்றை மட்டும் மாற்றுங்கள்.