ஹெல்பர்

ஆம்பூரில் காலையில் ஷூ கம்பெனி பஸ் வந்து நின்றால் உள்ளே பெரும்பாலும் பெண்கள்தான். என் சித்தியும் அதில் போனவர். என்ன வேலை என்று யாராவது கேட்டால் "ஹெல்பர்" என்பார். டெய்லர் தைப்பதற்கு முன் தோல் துண்டுகளுக்குப் பசை தடவ வேண்டும், தைத்த பிறகு நூல் வெட்ட வேண்டும். கடையில் அந்த ஷூவை எடுத்துப் பார்க்கிறவருக்குத் தையல் தெரியும். பசை தெரியாது.

சைக்கிள் பந்தயத்திலும் ஹெல்பர் உண்டு என்பது எனக்குத் தாமதமாகத்தான் தெரிந்தது. ரோடு ரேஸில் ஜெயிப்பது ஒருவர், உழைப்பது ஒரு டீம். முன்னால் போகிறவர் எதிர்க்காற்றை வாங்கிக்கொள்வார். பின்னால் ஒட்டி வருகிறவருக்கு அவ்வளவு சிரமம் இருக்காது. அதனால் டீமில் சிலருடைய வேலையே தலைவிக்காகக் காற்றில் போவதும், தண்ணீர் பாட்டில் கொண்டுவந்து கொடுப்பதும்தான். பிரெஞ்சில் இவர்களுக்கு 'டொமெஸ்டிக்' என்று பெயர். வீட்டு வேலையாள் என்று அர்த்தம்.

இன்னொருவர் பெயருக்காக உழைப்பது தியாகமா, சுரண்டலா?

2021 அக்டோபர் 2. பாரிஸ்–ரூபே பந்தயம். ஆண்களுக்கு 1896-லிருந்து நடக்கிறது. பெண்களுக்கு அன்றுதான் முதல் தடவை. கல் பாவிய பழைய பாதை முழுக்கச் சேறு. இங்கிலாந்தின் லிசி டெய்க்னன் 2015-இல் உலக சாம்பியன், 2018-இல் குழந்தை பெற்று மறுவருடம் திரும்பி வந்தவர். ஆனாலும் அன்று டீமின் முதல் நம்பிக்கை அவரல்ல. முன்கூட்டியே முன்னே போய், பின்னால் வரும் தலைவிகளுக்குத் துணையாக இருக்க வேண்டும் என்பதுதான் அவருக்குக் கொடுத்த வேலை. போனார். 80 கிலோமீட்டருக்கு மேல் தனியாகவே ஓட்டி, அவரே ஜெயித்தார். கையுறை போடாததால் ஹேண்டில்பாரில் ரத்தக் கறை.

எனக்கு முக்கியமாகப் படுவது பின்னால் நடந்தது. அவர் டீமின் எலிசா லோங்கோ போர்கினியும் ஜெயிக்கக்கூடியவர்தான். ஆனால் முன்னே போவது தன் டீம்காரி. அவரைத் துரத்திப் பிடிக்கிற வேலையை எதிரணிகளிடம் விட்டுவிடுவதுதான் இந்த விளையாட்டின் முறை. அன்று தலைவி ஹெல்பர் ஆனார், ஹெல்பர் தலைவி ஆனார். எலிசாவுக்கு மூன்றாமிடம்.

விளையாட்டு வீராங்கனை விரும்பி வந்தவர், சித்தி வயிற்றுக்காகப் போனவர், இரண்டையும் எப்படி ஒப்பிடலாம் என்று கேட்கலாம். நியாயம்தான். பந்தய உலகமும் ஒன்றும் நீதிமன்றமில்லை. அன்று டெய்க்னனுக்குப் பரிசாக அறிவித்தது 1,535 யூரோ. மறுநாள் ஜெயித்த ஆணுக்கு 30,000.

ஆனால் விருப்பம் மட்டும் போதாது என்று நினைக்கிறேன். விரும்பிச் செய்கிற வேலையிலும் ஒருவரை ஆயுசுக்கும் பின்னாலேயே நிறுத்தி வைக்க முடியும். முறை மாற ஒரு வழி இருந்தால்தான் அந்த உதவிக்குத் தியாகம் என்று பெயர். வழியே இல்லாத இடத்தில் அந்த வார்த்தையைச் சொல்வது உதவி வாங்கிக்கொண்டவர்களுக்குத்தான் வசதி.

சித்தி சாப்பாட்டு நேரத்தில் மிஷினில் உட்கார்ந்து தைக்கக் கற்றுக்கொண்டார். சூப்பர்வைசர் பார்த்துவிட்டு எழுப்பிவிட்டார். பதினோரு வருஷம் கழித்து வேலையை விட்டபோதும் ஹெல்பர்தான்.

"ஒரு ஜோடியாவது தைக்க விட்டிருக்கலாம்ப்பா," என்றார் போன மாதம்.