எனக்கு நீ என்ன முறை?



சேசுநாதர் சுவாமிக்குச் சகோதரர்கள் இருந்ததாகச் சுவிசேஷத்தில் எழுதியிருக்கிறதே, அப்படியானால் தேவமாதா நித்திய கன்னிகை என்று நீங்கள் சொல்வது எப்படி என்று பிற சபையைச் சேர்ந்தவர்கள் நம்மைக் கேட்பதுண்டு. ஐரோப்பியருக்கு இதை விளக்கப் பெரிய புத்தகம் எழுத வேண்டும். நம் வீட்டுப் பாட்டிமாருக்கு அது தேவையில்லை. பெரியப்பா மகனை நாம் எப்படி அழைக்கிறோம்? அண்ணன் என்கிறோம். சித்தி மகளைத் தங்கை என்கிறோம். ஆபிரகாமும் தம் சகோதரன் மகனாகிய லோத்தைச் சகோதரன் என்றே அழைத்ததாக ஆதியாகமத்தில் வாசிக்கிறோம். ஆண்டவருடைய சகோதரர் எனப்பட்டவர்கள் அவருடைய நெருங்கிய சுற்றத்தார் என்று திருச்சபை கற்பிப்பதைப் புரிந்துகொள்ளத் தமிழனுக்குத் தன் வீட்டுப் பேச்சே போதும்.

இங்கிலீஷ்காரருக்குச் சித்தப்பா மகளும் 'கசின்', மாமன் மகளும் 'கசின்'. நமக்கோ ஒருத்தி கூடப்பிறந்தவள், மற்றொருத்தி கட்டிக்கொள்ளும் முறைக்காரி. இரண்டையும் ஒரே சொல்லில் கலந்து சொன்னால் நாம் காதைப் பொத்திக்கொள்வோம்! சுற்றத்தை இப்படிப் பிரிப்பது நாம் மாத்திரந்தான் என்று எண்ணிவிடாதீர்கள். அமெரிக்காவில் மார்கன் என்ற அறிஞர், தம் நாட்டுப் பூர்வ குடிகளாகிய செனகா மக்கள் அப்பாவின் சகோதரனையும் அப்பா என்றும், அம்மாவின் சகோதரியையும் அம்மா என்றும் அழைப்பதைக் கண்டார். பல தேசத்து மிஷனரிகளுக்கும் கேள்வித்தாள் அனுப்பி விசாரித்தபோது, தமிழரும் அவ்வாறே அழைப்பது தெரிந்து ஆச்சரியப்பட்டு, 1871-ம் ஆண்டு பெரிய நூலொன்று வெளியிட்டார். அதைக்கொண்டு செவ்விந்தியர் ஆசியாவிலிருந்தே வந்தவர்கள் என்று அவர் வாதித்ததற்கு உறவுச்சொற்கள் போதிய அத்தாட்சி ஆகா. ஆயினும் இரண்டு கடல்களுக்கு அப்பாலும் ஒரு சித்தப்பா அப்பாவாகவே மதிக்கப்பட்டார் என்பது உண்மை.

ஓர் இடத்தில் நியாயமானது வேறிடத்தில் நியாயமாய் இருப்பதில்லை. யாக்கோபு தன் தாய்மாமன் லாபானுடைய குமாரத்திகளாகிய லேயாளையும் ராக்கேலையும் கொண்டதைக் கேட்டால் நமக்கு வியப்பில்லை. உரிமைப்பெண் தானே என்போம். ஆனால் எண்ணாகமத்தின் கடைசி அதிகாரத்தைப் பாருங்கள். மகனில்லாமல் இறந்த ஒருவனுடைய ஐந்து குமாரத்திகள், சுதந்தர நிலம் கோத்திரத்தை விட்டுப் போகாதபடிக்கு, தங்கள் அப்பனுடைய சகோதரரின் மக்களையே மணந்தார்கள். நம் ஊரில் பங்காளி வீட்டில் பெண் எடுப்பதா? பேச்சை எடுத்தவனுக்குத் தண்ணீர் கூடக் கொடுக்கமாட்டார்கள். அரபு நாடுகளிலோ அந்தச் சித்தப்பா மகளே உரிமைப்பெண்.

திருச்சபை இதில் என்ன சொல்லுகிறது? அர்ச். அகுஸ்தீன் 'சர்வேசுரனுடைய நகரம்' என்ற நூலின் பதினைந்தாம் புத்தகத்தில் இதற்கு அழகான நியாயம் காட்டுகிறார். நெருங்கிய இரத்தத்தில் மணம் செய்யாதிருப்பதன் பயன், அன்பு பல பேரிடம் பரவுவதே என்பது அவர் கருத்து. ஒரே மனிதன் இரண்டு உறவையும் தானே வைத்துக்கொள்ளாமல், இருவர் அதைப் பகிர்ந்துகொண்டால் அன்பின் வட்டம் பெரிதாகும். தமிழில் தாய்மாமனும் மாமா, பெண் கொடுத்தவரும் மாமா. அப்பாவின் சகோதரியும் அத்தை, கணவனின் தாயும் அத்தை. அவர் இரண்டாகப் பிரிக்க விரும்பியதை நம் பாஷை ஒரே சொல்லில் முடிந்து வைத்திருக்கிறது. நம்முடைய பலமும் இந்த முடிச்சில் இருக்கிறது, பலவீனமும் இதிலேயே இருக்கிறது.

ஏழு தலைமுறைவரை இருந்த விவாகத்தடையை 1215-ம் ஆண்டு நான்காம் லாத்தரான் சங்கம் நான்காகக் குறைத்தது. 1917-ம் ஆண்டுச் சட்டத்தொகுப்பு மூன்றாக்கியது. இப்போதுள்ள 1983-ம் ஆண்டுச் சட்டப்படி ஒரே பாட்டன் பாட்டியின் பேரன் பேத்திமார் ஒருவரையொருவர் மணக்க மேற்றிராணியாரின் விலக்கு வேண்டும். மாமன் மகள் என்றும் சித்தப்பா மகள் என்றும் அச்சட்டம் பேதம் பார்ப்பதில்லை. அக்காள் மகளைக் கட்டுவது அதைவிட நெருங்கிய படி. அதற்குச் சொல்லும் காரணம் மிகவும் பலமாயிருக்க வேண்டும். பத்திரிகை அச்சடித்து, மண்டபத்துக்கு முன்பணமும் கொடுத்துவிட்டு, ஓலை வாசிக்கும் வாரத்தில் வந்து, "சாமி, பொண்ணு எங்க மாமன் மகதானுங்க" என்று சொல்வது முறையல்ல. நிச்சயம் பேசுமுன்பே வாருங்கள்.

நம் கொங்கு நாட்டுக் கூட்ட முறையோ ஒரு பக்கம் இதைவிடக் கடுமையானது. ஒரே கூட்டத்தார் எத்தனை தலைமுறை விலகினாலும், ஒருவரையொருவர் பார்த்தே இராவிட்டாலும், அண்ணன் தங்கை முறையே. கலியாணத்தில் இணைச்சீருக்கு உடன்பிறந்தவள் இல்லாவிட்டால் பெரியப்பா மகளோ சித்தப்பா மகளோ அந்த இடத்தில் நிற்பாள். யாரும் அவளைப் பதிலாள் என்று சொல்வதில்லை. 1960களின் நடுவில் காங்கயத்துக்கு அருகே ஓலப்பாளையத்தில் தங்கி இவற்றையெல்லாம் கவனித்த பிரெண்டா பெக் அம்மையார் 1972-ல் ஒரு பெரிய நூலே எழுதினார்.

இந்த முறைதான் வயலைவிட்டுத் தொழிலுக்கும் வந்தது. 1920களில் திருப்பூரில் தொடங்கிய பனியன் தொழிலில் நம் மானாவாரிக் காட்டுப் பிள்ளைகள் முதலில் தொழிலாளியாகவே போனார்கள். மாமன் பவர்டேபிளில் உட்கார்ந்திருந்தால் மச்சினன் கைமடிக்கச் சேர்ந்தான். அண்ணன் தம்பியும் மாமன் மச்சானும் பங்கு போட்டு இரண்டு மிஷின் வாங்கினார்கள். பத்திரம் எழுதாத கடனும் திரும்பி வந்தது. வராவிட்டால் அடுத்த கலியாணப் பந்தியில் முகத்தைக் காட்ட முடியாதே! 1990களில் இதை ஆராய்ந்த சரத் சாரி என்பவர், 2004-ல் வெளியிட்ட தம் நூலுக்குச் 'சகோதர மூலதனம்' என்ற பொருள்பட இங்கிலீஷில் பெயர் சூட்டினார். பொருத்தமான பெயர். ஆனால் சகோதரர் என்று ஒரு வட்டம் போட்டால், அதற்கு வெளியே நிற்பவன் ஒருவன் உண்டு அன்றோ?

2016-ம் ஆண்டு மார்ச் மாதம் நம் மாவட்டத்து உடுமலைப்பேட்டையில், பட்டப்பகலில், ஊர் பார்க்க, ஓர் இளைஞன் வெட்டிக் கொல்லப்பட்டான். வேறு ஜாதிப் பெண்ணை மணந்ததற்காகச் செய்யப்பட்ட கொலை அது. அவன் மனைவிக்கும் வெட்டு விழுந்தது. சுற்றத்தின் மானம் என்று சொல்லிக் கத்தி எடுப்பது கொலையே. அதற்கு வேறு பெயர் கிடையாது. இதைக் கேட்டு, நாம் கிறிஸ்தவர், நம்மிடத்தில் இது இல்லை என்று தலையாட்டாதீர்கள். ஒரே நற்கருணைப் பந்தியிலிருந்து எழுந்து போய், ஜாதி கேட்டுப் பெண் பார்க்கிற வீடுகள் நம்மிலும் உண்டு. எவை என்பது அவ்வீட்டாருக்குத் தெரியும்.

சிலுவையடியில் ஆண்டவர் என்ன செய்தார்? அருளப்பருக்குத் தம் தாயைத் தாயாகவும், தாய்க்கு அருளப்பரை மகனாகவும் கொடுத்தார். அந்நாள் முதல் அருளப்பர் அம்மாளைத் தம் வீட்டில் வைத்துக்கொண்டார். இரத்தத்தால் வராத முறையை ஒரு வார்த்தையால் உண்டாக்கினார் ஆண்டவர்.

இப்போது நம் பக்கத்து மில்களிலும் கம்பெனிகளிலும் வேலை செய்யும் வடக்கத்தியாரைப் பற்றிச் சொல்ல வேண்டும். ஜார்க்கண்டிலிருந்தும் ஒடிசாவிலிருந்தும் வருகிறவர்களில் நம் வேதத்தாரும் உண்டு. 1885-ம் ஆண்டு சோட்டாநாகபுரிக்குப் போய், நிலத்தை இழந்த பழங்குடியினருக்காக வழக்காட உதவி செய்த சேசுசபைக் குரு லீவன்ஸ் சுவாமியாருடைய ஞானப் பிள்ளைகளின் வம்சத்தார் அவர்கள். அவர்களில் ஒராவ்ன் ஜனங்கள் பேசும் குருக் பாஷை நம் தமிழுக்கு உறவுமுறைப் பாஷை. அவர்களுக்கும் கூட்டம் உண்டு; கூட்டப் பெயரே குடும்பப் பெயர். எக்கா என்றால் ஆமை, மிஞ்ச் என்றால் ஒரு மீன், காக்கா என்றால், நீங்களே ஊகிப்பீர்கள், காகந்தான்! ஒரே கூட்டத்தில் அவர்களும் பெண் எடுப்பதில்லை. இங்கே காடைக் கூட்டத்தார் இருக்கிறதுபோல அங்கே காகக் கூட்டத்தார். நாம் அவர்களை எல்லாம் 'இந்திக்காரன்' என்று ஒரே சொல்லில் முடித்துவிடுகிறோம், இங்கிலீஷ்காரர் 'கசின்' என்கிறாற்போல.

அவர்களுக்கு முறை தெரியாமல் இல்லை; முறைக்காரர் இங்கே இல்லை. அவன் பிள்ளைக்குக் காது குத்த எந்த மாமன் மடி கொடுப்பான்? ஆஸ்பத்திரியில் கையெழுத்துப் போட யார் வருவார்கள்? சம்பளம் நின்றுபோனால் அவனுக்காகப் பேச எந்த மச்சான் இருக்கிறான்?

ஞானப்பெற்றோர் என்கிற உறவு இதற்காகவே நம் கையில் இருக்கிறது. 1917-ம் ஆண்டுச் சட்டத்தில் ஞானத்தகப்பனுக்கும் ஞானமகளுக்கும் விவாகத்தடையே வைத்திருந்தார்கள். அவ்வளவு மெய்யான உறவாக அது எண்ணப்பட்டது. அந்தத் தடை 1983-ல் நீங்கியது, உறவு நீங்கவில்லை. மெக்சிக்கோ தேசத்தில் பிள்ளையின் தகப்பனும் ஞானத்தகப்பனும் ஒருவரையொருவர் அழைக்கத் தனிச்சொல் வைத்து, ஆயுள் முழுதும் நல்லது கெட்டதில் கூட நிற்கிறார்கள். நாமோ பெரும்பாலும் தாய்மாமனையும் அத்தையையுமே ஞானப்பெற்றோராக்குகிறோம். தவறில்லை, ஆனால் ஏற்கெனவே மாமனாயிருப்பவனுக்கு இன்னொரு பட்டம் கொடுப்பதால் புது உறவு ஒன்றும் சேரவில்லை. அர்ச். அகுஸ்தீன் இதைப் பார்த்தால் சிரிப்பார்.

வருகிற மாதம் நம் கோவிலில் ஞானஸ்நானம் பெறப்போகும் பிள்ளைகளில் இரண்டு, மில் குடியிருப்பில் பிறந்தவை. பெற்றோர் ஜார்க்கண்டுக்காரர், தமிழ் கொஞ்சம் புரியும். பதினாறு வயது நிறைந்து, உறுதிபூசுதல் பெற்று, பூசை காண்பதில் ஒழுங்காயுள்ள எவரும் ஞானப்பெற்றோராகலாம். விருப்பமுள்ளவர்கள் ஞாயிறு இரண்டாம் பூசைக்குப்பின் உபதேசியாரிடம் பெயர் கொடுங்கள். ஞானஸ்நானத்துக்கு முன்னதாகவே ஒருநாள் அந்தக் குடியிருப்புக்குப் போய்ப் பிள்ளையைப் பார்த்து, அவர்கள் வீட்டில் ஒரு வாய் தண்ணீராவது குடித்துவிட்டு வாருங்கள்.